மூலையில் நின்ற எஜமானர்

கோபன்ஹேகன் நகரத்துச் சிறிய அடுக்கு வீடு ஒன்றில், பொழுது நன்றாகப் புலராத வேளையில், ஈடா என்னும் இல்லத்தரசி எழுந்து அடுப்பை மூட்டுகிறாள். மூத்த பெண் கேரன் கூடமாட ஒத்தாசை செய்கிறாள். கணவர் இன்னும் படுக்கையை விட்டு எழுந்திருக்கவில்லை. ரொட்டித் துண்டுகளுக்கு வெண்ணெய் தடவி வருகையில், கணவருக்கு வைத்த துண்டில் வெண்ணெய் போதாது என்று அவளுக்குத் தோன்றிவிடுகிறது. உடனே கையிலிருக்கும் கத்தியால், தன் பங்குக்கு வைத்திருந்த துண்டிலிருந்து வெண்ணெயைச் சுரண்டி எடுத்து அவருடைய துண்டில் தடவிவிட்டு, அடுத்த காரியத்துக்குப் போய்விடுகிறாள். இதைக் கணவர் பார்க்கவில்லை. அவளும் யாரிடமும் சொல்லப் போவதில்லை. வெள்ளித்திரைக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் நாம் மட்டுமே இதற்குச் சாட்சி. சற்று நேரத்தில் எழுந்து வந்து மேஜையின் முன் அமரும் அந்த மனிதர், வைத்த உணவிலும், உலர்த்திய துணியிலும், குழந்தைகளின் நடமாட்டத்திலும் குற்றம் கண்டு சீறும்போது, அந்தக் கத்தி நுனியில் ஒட்டியிருந்த வெண்ணெய்தான் நம் மனத்தில் வந்து நிற்கிறது.

1925-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் டென்மார்க்கில் திரையிடப்பட்ட இந்த ஊமைப் படத்துக்கு ‘உன் மனைவியைக் கனம் பண்ணுவாயாக’ என்று, விவிலியத்துப் பத்துக் கட்டளைகளின் தோரணையில் பெயர் சூட்டியிருந்தார்கள். ஸ்வென் ரிண்டம் என்ற நாடகாசிரியர் சில வருஷங்களுக்கு முன் எழுதிய ‘கொடுங்கோலனின் வீழ்ச்சி’ என்னும் ஹாஸ்ய நாடகம் இதற்கு மூலம். ரிண்டமோடு சேர்ந்து திரைக்கதை அமைத்து, பல்லேடியம் கம்பெனிக்காக இதை டைரக்ட் செய்தவர் கார்ல் தியோடோர் டிரையர். துயரத்திலும் தெய்வ நம்பிக்கையிலும் தோய்ந்த கனமான படங்களின் கர்த்தா என்றே உலகம் டிரையரை அறியும். ஆகவே அவர் கையிலிருந்து ஒரு குடும்ப ஹாஸ்யம் வந்தது என்று கேட்டதும் பலர் புருவத்தை உயர்த்துவார்கள். என் அபிப்பிராயத்தில் இது அவருடைய பெரிய படங்களுக்கு எவ்விதத்திலும் தாழ்ந்ததன்று. சிரிக்க வைத்தே நியாயம் கேட்ட படங்களுள் இதற்கு இணையாக இன்னொன்றைச் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

கதை மிகவும் எளியது. விக்டர் ஃபிரான்ட்சன் நடத்திவந்த வியாபாரம் நொடித்துப் போயிற்று. வெளியுலகத்தில் பட்ட அவமானம் அத்தனையும் வீட்டு வாசற்படியைத் தாண்டியதும் அதிகாரமாக மாறி, மனைவி மீதும் மக்கள் மீதும் இறங்குகிறது. நாடக மேடைகளுக்கு வெகு பழக்கமான, குடித்துவிட்டு வந்து அடிக்கும் கணவனாக அவரைக் காட்டாமல் விட்டதில் இருக்கிறது டிரையரின் நுட்பம். குடிகாரனைப் பார்த்துச் சபையில் இருக்கும் எந்தக் கணவனும், ‘நான் அப்படிப்பட்டவன் அல்லவே’ என்று நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்துகொள்ளலாம். விக்டரோ ஒழுக்கமானவர், மானஸ்தர். தமக்கு உரிமை உள்ளதையே கேட்கிறோம் என்று மனப்பூர்வமாக நம்புகிறவர். மனைவியைத் திரும்பிப் பார்க்காமலே அதைக் கொண்டு வா, இதை எடுத்து வை என்று சொல்லிவிட்டுக் காத்திருப்பவர். சின்னப் பையன் தவறு செய்தான் என்று அவனை மூலையில், சுவரைப் பார்த்து, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கச் செய்பவர். அவருடைய ரொட்டியோடு வைக்கும் மாமிசத்துக்குக் காசு தேடவே ஈடா இரவில் கண் விழித்துக் கூலிக்கு வேலை செய்கிறாள் என்பது வீட்டில் மற்றவர்களுக்குத் தெரியும்; அவருக்கு மட்டும் தெரியாது.

இந்த வீட்டுக்குத் துணி தைக்கவும் கிழிசல் ஒட்டவும் மாட்ஸ் என்ற கிழவி வந்து போகிறாள். விக்டரைக் குழந்தைப் பருவத்தில் தூக்கி வளர்த்த செவிலி அவள். அவருடைய அதிகாரமெல்லாம் அவளிடம் செல்லாததற்கு அதுவே காரணம். ஈடா உடலும் மனமும் தளர்ந்து விழும் நிலைக்கு வந்துவிட்டதைக் கண்ட மாட்ஸ், ஈடாவின் தாயாரோடும் வைத்தியரோடும் கலந்து பேசி, அவளை ஓய்வுக்காக வெளியூருக்கு அனுப்பிவிட்டு, எங்கே போனாள் என்று விக்டரிடம் சொல்லாமல், வீட்டுப் பொறுப்பைத் தானே ஏற்றுக்கொள்கிறாள். அதன் பிறகு நடப்பதுதான் ஹாஸ்யம்.

ஆணும் பெண்ணும் இடம் மாறி நிற்பதைக் காட்டிச் சிரிக்க வைப்பது ஊமைப் படங்களுக்குப் புதிய உபாயம் அன்று. சினிமா பிறந்து ஏறத்தாழப் பத்து வருஷத்திலேயே, 1906-இல், பாரிஸ் நகரத்துக் கோமோன் கம்பெனியில் ஆலிஸ் கீ என்ற பெண்மணி ‘பெண் விடுதலையின் விளைவுகள்’ என்ற பொருள்படும் சிறு படம் ஒன்றை எடுத்தார். லியோன் கோமோனின் காரியதரிசியாக வேலைக்குச் சேர்ந்து, 1896-லேயே கதைப் படம் எடுக்கத் துணிந்தவர் அவர். அந்த ஏழு நிமிஷப் படத்தில் ஆண்கள் தைக்கிறார்கள், இஸ்திரி போடுகிறார்கள், குழந்தைகளைப் பராமரிக்கிறார்கள். பெண்கள் காபிக் கடையில் கூடிக் குடித்துப் புகைத்துக்கொண்டிருக்கிறார்கள். வீதியில் ஒரு பெண் நாணிக் கோணும் ஆடவனைத் தொட்டுத் தொல்லை செய்கிறாள். கடைசியில் பொறுமை இழந்த ஆண்கள் ஒன்றுகூடிக் கலகம் செய்து கடையைப் பிடித்துக்கொள்கிறார்கள். அன்றைய சபையில், பெண்களுக்குச் சுதந்திரம் கொடுத்தால் இந்தக் கதிதான் என்று சிரித்தவர்கள் இருந்திருப்பார்கள். ஆனால் சற்று உன்னிப்பாகப் பார்த்தால், வீதியில் அந்த ஆடவன் படும் சங்கடம் ஒவ்வொன்றும் பெண்கள் அன்றாடம் படுகிற சங்கடமே என்பதும், கலகம் செய்வதற்கு அந்த ஆண்களுக்கு நியாயம் உண்டென்றால் பெண்களுக்கும் உண்டு என்பதும் விளங்காமல் போகாது. ஆலிஸ் கீ இதைத் தெரிந்தே செய்தார் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. பிறகு அமெரிக்கா சென்று சொந்தக் கம்பெனி நடத்தியபோது, 1912-இல், ‘2000-ஆம் ஆண்டில்’ என்ற பெயரில் அதே கருத்தை மறுபடியும் படமாக்கினார். அந்தப் படம் இன்று நமக்குக் கிடைக்கவில்லை.

ஜெர்மனியில் எர்ன்ஸ்ட் லூபிட்ச் 1918-இல் எடுத்த ‘ஆணாக இருக்க எனக்கு விருப்பமில்லை’ என்ற படத்தில் ஓஸி ஓஸ்வால்டா என்ற துடிப்பான நடிகை ஆண் உடை தரித்து நகரத்துக்குள் புறப்பட்டு, ஆண்பிள்ளை வாழ்க்கையிலும் நெரிசலும் இடிபாடும் இருப்பதைக் கண்டு திகைக்கிறாள். அமெரிக்காவில் பஸ்டர் கீட்டன் 1920-இல் எடுத்த ‘ஒரு வாரம்’ படத்தில் புதுமணத் தம்பதிகள் இருவரும் தங்கள் கையாலேயே வீடு கட்ட முனைகிறார்கள்; அந்த இளம் மனைவி ஆபத்தில் அலறுவதற்கென்று வைத்த பொம்மையாக இல்லாமல், கணவனுக்குச் சமமாகப் பாடுபடுகிறாள். இவையெல்லாம் ரசிக்கத்தக்கவையே. ஆனாலும் இவற்றில் சிரிப்பு பெரும்பாலும் உடை மாற்றத்திலிருந்தோ, சாமான்கள் சரிந்து விழுவதிலிருந்தோ பிறக்கிறது. டிரையர் விக்டருக்குப் பாவாடை கட்டிவிடவில்லை. அடுப்பங்கரையில் அவரை வழுக்கி விழச் செய்யவுமில்லை. மனைவி செய்து வந்த வேலையை மட்டும் அவர் முன் கொண்டு வந்து வைக்கிறார்.

மாட்ஸாக நடித்த மதில்டே நீல்சனைப் பற்றிக் கொஞ்சம் விஸ்தாரமாகச் சொல்ல வேண்டும். பெருத்த சரீரமும், அசைந்து கொடுக்காத முகமும் வாய்ந்த அந்த மூதாட்டி, இரைந்து பேசுவதாகவோ கையை ஓங்குவதாகவோ படம் நெடுகிலும் பெரிதாகக் காட்டிக்கொள்வதில்லை. ஒரு பார்வை, ஒரு தலையசைப்பு, தையலிலிருந்து கண்ணை எடுக்காமலே ஒரு விரல் சுட்டல், அவ்வளவுதான். மனைவிக்கு உத்தரவு போட்டுப் பழகிய விக்டர், அதே குரலில் இவளுக்கும் உத்தரவு போடுகிறார். உத்தரவு போய்ச் சேர்ந்ததற்கான அறிகுறியே அவள் முகத்தில் தெரிவதில்லை. ஈடா இருந்தபோது கேட்பதற்கு முன்பே கைக்கு வந்துகொண்டிருந்த பண்டங்கள் இப்பொழுது வருவதில்லை. தானே எழுந்துபோய் எடுக்க வேண்டியிருக்கிறது. எங்கே இருக்கின்றன என்பதே அவருக்குத் தெரிவதில்லை. மெல்ல மெல்ல அடுப்புக்கும் துணிக் கொடிக்கும் பறவைக் கூண்டுக்கும் இடையே நடக்கக் கற்றுக்கொள்கிறார். கடைசியில், சின்னப் பையனுக்கு அவர் விதித்த தண்டனையை மாட்ஸ் அவருக்கே விதிக்கிறாள்: வளர்ந்த ஆண்மகன், மூன்று குழந்தைகளின் தகப்பனார், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, சுவரைப் பார்த்து மூலையில் நிற்கிறார். நடிகர் யொஹானஸ் மேயர் அந்தக் காட்சியில் முதுகைக் கொண்டு நடிக்கிறார் என்றே சொல்ல வேண்டும். கொஞ்சம் குனிந்த தோள்களிலும் கட்டிய விரல்களிலும், அடிபட்ட கர்வத்தின் அடியிலிருந்து முளைத்து வரும் வெட்கம் முழுவதும் தெரிகிறது. நாம் சிரிக்கிறோம். ஆனால் அவரை எள்ளிச் சிரிப்பதற்கு மனம் வருவதில்லை. அந்த முதுகில் ஒரு குழந்தை தெரிகிறது.

பேச்சு இல்லாத படமாக இருந்ததே இந்தக் கதைக்குப் பெரும் பாக்கியமாக அமைந்தது என்பது என் துணிபு. இடையிடையே எழுத்தில் வரும் வாசகங்கள் உண்டு. நோர்டிஸ்க் கம்பெனியில் மற்றவர்கள் படங்களுக்கு அப்படிப்பட்ட வாசகங்களை எழுதித்தான் டிரையர் சினிமாத் தொழிலுக்குள்ளேயே நுழைந்தார். ஆயினும் வாசகங்கள் இல்லாத நேரமே அதிகம். அந்த நேரமெல்லாம் காமிரா கைகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. பேசும் படமாக இருந்தால் விக்டரின் கடுஞ்சொல்தான் நம் காதை நிரப்பும். ஈடாவின் மௌனம் வெறும் மௌனமாகவே கழிந்துபோகும். ஊமைப் படத்திலோ கணவரும் மனைவியும் இருவருமே மௌனிகள். அங்கே காரியம் செய்பவர்களுடைய பக்கமே பலமாகிவிடுகிறது. அவர் வாயைத் திறந்து மூடுவதை ஒரு கணம் காண்கிறோம். அவள் விறகு வைப்பதையும், ரொட்டி நறுக்குவதையும், குழந்தைக்கு உடுத்துவதையும், மீண்டும் அடுப்புக்குத் திரும்புவதையும் நெடுநேரம் காண்கிறோம்.

இதற்காக டிரையர் எடுத்துக்கொண்ட பிரயாசை சாதாரணமானதன்று. உண்மையான குடித்தன வீடு ஒன்றிலேயே படம் பிடிக்க வேண்டும் என்பது அவருடைய ஆசை. காமிராவையும் விளக்குகளையும் வைத்துக்கொண்டு அத்தனை குறுகலான இடத்தில் புழங்க முடியாது என்று தெரிந்த பிறகு, அப்படிப்பட்ட வீட்டையே ஸ்டூடியோவுக்குள் நான்கு சுவரோடும் கட்டச் செய்தார். குழாயைத் திறந்தால் தண்ணீர் வந்தது, எரிவாயு எரிந்தது, மின்சாரம் இருந்தது. மேடை நாடகத்தைப் போல் மூன்று சுவரை நிறுத்தி நாலாவது பக்கத்திலிருந்து எட்டிப் பார்க்கும் வழக்கத்தை விட்டு, காமிராவைக் குடும்பத்தின் நடுவிலேயே கொண்டு போய் வைத்தார். அதன் பயனாக, கால் மணி நேரத்துக்குள் அந்த வீட்டின் மூலை முடுக்கெல்லாம், நாமே குடியிருந்த இடம்போல் நமக்குப் பழகிவிடுகிறது: அடுப்பு எங்கே, கதவு எந்தப் பக்கம் திறக்கும், துணி உலர்த்தும் கொடி எதன் குறுக்கே ஓடுகிறது, கடிகாரம் எந்தச் சுவரில் தொங்குகிறது எல்லாம் தெரிந்துவிடுகிறது. ஈடா போன பின்பு அதே அடுப்பும் அதே கொடியும் திரையில் வரும்போது, ஒருவரும் சொல்லாமலே, அங்கே இருக்க வேண்டிய ஒருத்தி இல்லை என்பது நமக்கு உறைக்கிறது. படத்தின் பெரும்பகுதி அந்தச் சிறிய வீட்டைவிட்டு வெளியே போவதே இல்லை. ஒன்றே முக்கால் மணி நேரத்தில் ஒரு நிமிஷமாவது அலுப்புத் தட்டியதாக எனக்கு நினைவில்லை.

படம் வந்த காலத்தையும் கவனிக்க வேண்டும். டென்மார்க்கில் பெண்களுக்குப் பார்லிமெண்டுத் தேர்தலில் வாக்குரிமை கிடைத்தது 1915-இல். 1924-இல் நீனா பாங் என்ற பெண்மணி அந்நாட்டுக் கல்வி மந்திரியானார். படம் வெளிவந்த அதே 1925-ஆம் வருஷம் மார்ச் மாதத்தில், விவாகத்தினால் ஏற்படும் உரிமைகளையும் கடமைகளையும் வகுத்து, சொத்து விஷயத்தில் கணவனையும் மனைவியையும் சமமாக வைக்கும் சட்டம் ஒன்று நிறைவேறியது. ஆக, ஈடா வாக்களிக்கும் உரிமை பெற்றவள். சட்டத்தின் கண்ணில் கணவருக்குச் சமமானவள். இருந்தும் காலையில் எழுந்தால் வெண்ணெய் அவளுடைய ரொட்டியிலிருந்துதான் சுரண்டப்படுகிறது. எந்தச் சட்டமும் எட்டிப் பார்க்க முடியாத அந்த மேஜைக்கு டிரையர் காமிராவைக் கொண்டு போனார். அதுவும் பிரசங்கம் செய்யாமல், ஜனங்கள் காசு கொடுத்து வந்து மனம் விட்டுச் சிரிக்கும் கதையாகக் கொண்டு போனார்.

அவருடைய சொந்த வாழ்க்கையை அறிந்தவர்களால் இதை வெறும் விளையாட்டாகக் கருத முடியாது. 1889-இல் பிறந்த டிரையர், ஸ்வீடன் நாட்டைச் சேர்ந்த ஜோசஃபீன் நில்ஸன் என்ற வேலைக்காரப் பெண்ணின் மகன். விவாகமாகாத அந்தத் தாய் பெற்ற பிள்ளையைக் கைவிட நேர்ந்தது. கோபன்ஹேகனில் டிரையர் என்ற குடும்பத்தார் அவரை ஸ்வீகாரம் எடுத்து வளர்த்தார்கள். இரண்டாம் முறை கருவுற்ற அந்தப் பெண், கருவைக் கலைப்பதற்காகத் தீக்குச்சிகளின் மருந்தை உட்கொண்டு 1891-இல் மாண்டு போனாள். வளர்ந்த பின்பே அவருக்கு இந்த விவரங்கள் தெரிந்தன. பிறர் வீட்டில் அடுப்பெரித்துத் துணி துவைத்து, கேட்பாரின்றி மடிந்த ஒரு பெண்ணின் பிள்ளை, ஒரு பெண் அடுப்பெரிப்பதையும் துணி உலர்த்துவதையும் இத்தனை பொறுமையோடு பார்த்துக்கொண்டே இருக்கிறார் என்பதை நினைக்கையில், அந்த முதல் பாகத்து நீண்ட காலைப்பொழுது எனக்கு வேறுவிதமாகவே அர்த்தமாகிறது.

குறை சொல்ல வேண்டுமானால் ஒன்றிரண்டு சொல்லலாம். கணவரைத் திருத்தும் வேலை மனைவிக்கு வாய்க்கவில்லை. அவள் ஓய்வில் இருக்க, அவளுக்காக வேறொருத்தி வழக்காடி வெற்றி பெறுகிறாள். ஈடா திரும்பி வந்ததும் மன்னிப்பது மிக எளிதாக நடந்துவிடுகிறது. விக்டர் மறுபடியும் மூக்குக் கண்ணாடிக் கடை வைப்பதற்கு மாமியாரே பணம் கொடுத்து உதவுவதாகக் கதையை முடித்து, இதய வடிவமான கடிகாரப் பெண்டுலம் ஒன்று ஆடுவதைக் காட்டி நம்மை வழியனுப்புகிறார்கள். கடை திறந்து, நாலு காசு புரண்டு, பழைய மிடுக்குத் திரும்பிய பிறகும் இந்த மனிதர் அடுப்பங்கரைப் பக்கம் வருவாரா என்ற கேள்வியைப் படம் கேட்பதில்லை. தரித்திரம்தான் அவரைக் கெடுத்தது என்று ஒப்புக்கொண்டாலும், தரித்திரம் அதே வீட்டில் ஈடாவுக்கும் இருந்ததே. அவள் கெட்டுப் போகவில்லையே.

இன்னொரு குறை, கேரனைப் பற்றியது. தாயோடு சேர்ந்து இருட்டில் எழுந்து, தாய்க்குச் சமமாக ஓடியாடி, தகப்பனாரின் முகக்குறிப்பை அறிந்து அஞ்சி நடக்கிற அந்தப் பெண் குழந்தைக்கு விடுதலை வாங்கித் தர மாட்ஸுக்கும் தோன்றவில்லை. தம்பி மூலையில் நின்றதற்கு ஈடு செய்யப்பட்டுவிட்டது. அக்காள் கழுவிய பாத்திரங்களுக்கு ஒருவரும் கணக்குக் கேட்கவில்லை. ஆனால் டிரையரின் காமிரா அவளை ஒரு காட்சியிலும் அலட்சியம் செய்யவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும். அந்தச் சிறுமியாக நடித்த காரின் நெல்லமோசேக்கு அப்போது வயது இருபது. கைக்கு எட்டாத உயரத்தில் வேலை செய்கிற குழந்தையின் அவசரத்தை உடம்பெல்லாம் வரவழைத்துக்கொண்டு அவர் நடித்திருக்கிறார்.

‘வீட்டு எஜமானர்’ என்ற பெயரோடு இந்தப் படம் பிரான்ஸுக்குப் போய்ப் பெருவெற்றி கண்டது. அதனால் பாரிஸ் கம்பெனி ஒன்று டிரையரை அழைத்துப் பெரிய படம் எடுத்துத் தரச் சொல்ல, 1928-இல் ‘ஜோன் ஆஃப் ஆர்க்கின் பாடுகள்’ வெளிவந்தது. முகங்களை மிக அருகில் வைத்துக் காட்டுவதில் அதற்கு நிகரான படம் இல்லை என்று இன்றும் பேசுகிறார்கள். அந்தத் திறமைக்கான பயிற்சி கோபன்ஹேகன் அடுப்பங்கரையிலேயே நடந்து முடிந்தது என்பதை இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்கள் அறிவார்கள்.

டென்மார்க்கில் ரிண்டமின் கதையை ஜனங்கள் மறக்கவில்லை. பேசும் படம் வேரூன்றிவிட்ட பிறகு, 1942-இல், மூல நாடகத்தின் பெயரிலேயே அதை மறுபடியும் படமாக்கினார்கள்; இம்முறை அதை டைரக்ட் செய்தவர்களுள் ஆலிஸ் ஓஃபிரெடெரிக்ஸ் என்ற பெண்மணி முக்கியமானவர். பதினேழு வருஷம் மூப்படைந்துவிட்ட மதில்டே நீல்சனே மீண்டும் மாட்ஸாக நடித்தார். மனைவி ஈடாவாக நடிப்பதற்கு அவர்கள் தேர்ந்தெடுத்தது காரின் நெல்லமோசேயை.